பஞ்சுக்கும் பனியனுக்கும் நடுவே

(திருப்பூரில் ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை, ஆவணப்படம் பார்க்கிற நண்பர்கள் கூடிய கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



நேற்று சம்பள நாள். வாரம் முழுக்க ஒன்றரை ஷிப்ட் பார்த்துவிட்டு, துணி துவைக்கவும் சந்தைக்குப் போகவும் கிடைக்கிற ஒரே நாளில் மூன்று மணி நேரத்தை எடுத்து இங்கே கொண்டுவந்திருக்கிறீர்கள். அதன் மதிப்பு எனக்குத் தெரியும். அதனால் சுற்றி வளைக்காமல் படத்துக்குள் போய்விடுகிறேன்.

தெற்குச் சீனாவில் குவாங்தோங் மாகாணம். அங்கே ஷாசி என்ற ஊரில் ஜீன்ஸ் தைக்கிற ஒரு தொழிற்சாலை. சிச்சுவான் மாகாணத்துக் கிராமத்திலிருந்து 17 வயதுப் பெண் ஒருத்தி அங்கே வேலைக்கு வருகிறாள். படம் அவளை ஜாஸ்மின் என்று அழைக்கிறது. தைத்து முடித்த ஜீன்ஸில் நீட்டிக்கொண்டிருக்கும் நூலைக் கத்தரிப்பது அவள் வேலை. நம்மூரில் பிசிறு வெட்டுவது என்கிறோமே, அதேதான். கைக்கு வருகிற ஜீன்ஸை விரித்துப் பார்த்தால் இடுப்பு அவ்வளவு அகலம். இதைப் போடப்போகிற ஆள் எவ்வளவு பெரிய ஆளாக இருப்பார் என்று தோழிகளோடு சேர்ந்து வியக்கிறாள். பிறகு அந்த ஆளுக்கு ஒரு கடிதம் எழுதி, பாக்கெட்டுக்குள் வைக்கிறாள்.

படத்தை முதல் தடவை பார்த்தபோது அந்தக் கடிதம் எனக்குக் கொஞ்சம் மிகையாகப் பட்டது. அதற்கப்புறம் ஒருநாள், இந்த ஊரில் செக்கிங் டேபிளில் வேலை பார்க்கிற ஓர் அக்காவிடம் அந்தக் காட்சியைச் சொன்னேன். அவர் கையிலிருந்த துணியைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "நாங்க எழுதி எங்கீங்க வெக்கறது? பனியனுக்குப் பாக்கெட்டே இல்லீங்களே" என்றார். விளையாட்டுக்குச் சொல்லவில்லை. கழுத்துப் பட்டியில் வைக்கலாமா, மடிப்புக்குள் வைக்கலாமா என்று நிஜமாகவே இடம் தேடிப் பார்த்துவிட்டுத்தான் சொன்னார். அந்தக் கடிதத்தை மிகை என்று நினைத்தது என் தவறு என்று அப்போது புரிந்தது.

அந்தப் படத்தின் பெயர் 'சைனா ப்ளூ'. வருடம் 2005. எடுத்தவர் மீக்கா பெலெட். இஸ்ரேலில் பிறந்தவர், அமெரிக்காவில் சான் பிரான்சிஸ்கோவில் இருந்துகொண்டு படமெடுப்பவர். அந்த ஆண்டு ஆம்ஸ்டர்டாம் ஆவணப்பட விழாவில் ஆம்னஸ்டி அமைப்பின் விருது இதற்குக் கிடைத்தது. இன்றைக்கு நான் பேசப்போவது இவரைப் பற்றியும், இவர் பத்து வருடம் நடந்த ஒரு பாதையைப் பற்றியும்.

பாதை அமெரிக்காவில் தொடங்குகிறது. வர்ஜீனியா மாநிலத்தில் ஆஷ்லண்ட் என்று ஒரு சிற்றூர். அங்கே வால்மார்ட் கடை திறக்க வருகிறது. ஊர் இரண்டாகப் பிரிந்து சண்டை போடுகிறது. அந்தச் சண்டையை எடுத்ததுதான் 2001-இல் வந்த 'ஸ்டோர் வார்ஸ்'. கடை இவ்வளவு மலிவாக விற்கிறதே, அந்தத் துணியை யார் தைக்கிறார்கள் என்ற கேள்வி அவரைச் சீனாவுக்குக் கொண்டுபோனது. தைக்கிற துணிக்குப் பஞ்சு எங்கிருந்து வருகிறது என்ற அடுத்த கேள்வி மகாராஷ்டிரத்தின் விதர்பாவுக்கு, யவத்மால் மாவட்டத்துக் கிராமம் ஒன்றுக்குக் கொண்டுவந்தது. 2011-இல் 'பிட்டர் சீட்ஸ்' வெளிவந்தது. கடை, தையல், விதை. நூல் பிடித்தாற்போல் ஒரே கோட்டில், பின்னோக்கி மூன்று படங்கள்.

தொழில் சுரண்டலைப் படமெடுத்தவர்கள் இவருக்கு முன்னும் இருந்தார்கள். 1960 நவம்பரில், அமெரிக்கர்கள் நன்றியறிதல் நாள் விருந்து சாப்பிட்ட மறுநாள், அந்த விருந்தின் காய்கறியைப் பறித்த நாடோடிக் கூலிகளைப் பற்றிய படத்தைச் செய்தியாளர் எட்வர்ட் முரோ சிபிஎஸ் தொலைக்காட்சியில் காட்டினார். நம் மொழியிலும் அந்த மரபு உண்டு. சிவகாசித் தீப்பெட்டி, பட்டாசுத் தொழிலில் குழந்தைகள் பட்ட பாட்டை, பெங்களூருக்காரரான சலம் பென்னூர்கர் 'குட்டி ஜப்பானின் குழந்தைகள்' என்று 1990-இல் தமிழிலேயே எடுத்தார். மதுரையில் அமுதன் 2003-இல் மலம் அள்ளும் வேலையைப் பற்றி 'பீ' எடுத்தார். அதே வேலையைப் பற்றித் திவ்யபாரதியின் 'கக்கூஸ்' 2017-இல் வந்தது. அதைத் திரையிடப் பல ஊர்களில் அனுமதி மறுக்கப்பட்டது. யூடியூபில் ஏற்றிய பிறகுதான் ஊரெல்லாம் பார்த்தது. இவை ஒவ்வொன்றும் தனியாக ஒரு மாலை பேசவேண்டிய படங்கள். இன்றைக்கு நான் பெலெட்டை எடுத்துக்கொண்டதற்குக் காரணம் அவருடைய பாதையில் இருக்கிற ஓர் இடைவெளி. அதைப் பற்றிப் பின்னால் சொல்கிறேன்.

முதலில் 'சைனா ப்ளூ'வுக்குள் கொஞ்சம் நிற்போம். ஜாஸ்மினுக்கு மணிக்குக் கிடைப்பது ஏறத்தாழ 6 அமெரிக்க சென்ட். தொழிற்சாலைக்கு உள்ளேயே விடுதி, ஓர் அறைக்கு 12 பெண்கள். சாப்பாட்டுக்குச் சம்பளத்தில் பிடித்தம். தாமதமாக வந்தால் அபராதம். சீனாவில் சட்டம் இல்லாமல் இல்லை. 1994-ஆம் வருடத்துத் தொழிலாளர் சட்டப்படி மாதத்துக்கு 36 மணி நேரத்துக்கு மேல் ஓவர்டைம் வாங்கக்கூடாது. ஆர்டர் நெருக்கும்போது இந்தப் பெண்கள் விடிய விடிய உட்கார்ந்திருக்கிறார்கள். தூக்கம் வராமல் இருக்க, துணி காயப்போடுகிற கிளிப்பை எடுத்துக் கண் இமையில் மாட்டிக்கொள்கிறாள் ஒருத்தி. பக்கத்தில் இருப்பவள் சிரிக்கிறாள். அவளும் மாட்டிக்கொள்கிறாள். அந்தச் சிரிப்பை பெலெட் வெட்டாமல் வைத்திருக்கிறார் பாருங்கள், அங்கேதான் அவர் பெரிய இயக்குநர். 17 வயதுப் பிள்ளைகள் எந்த நிலையிலும் சிரிக்கத்தான் செய்வார்கள். பரிதாபத்தை மட்டும் தேடுகிற கேமரா இந்தச் சிரிப்பைத் தவறவிட்டிருக்கும்.

சம்பளம் தள்ளிக்கொண்டே போகிறது. ஒரு கட்டத்தில் பெண்கள் மிஷினை விட்டு எழுந்துவிடுகிறார்கள். சம்பளம் வருகிறது. ஜாஸ்மினுக்கு மட்டும் வரவில்லை. புதிதாகச் சேர்கிறவளின் முதல் மாதச் சம்பளத்தை முன்பணமாகப் பிடித்துவைப்பது அந்தத் தொழிற்சாலையின் வழக்கம். வேலையை விட்டுப் போனால் அந்தப் பணமும் போச்சு. சீனப் புத்தாண்டுக்கு ஊரே கிளம்பிப் போகிறது. கையில் காசில்லாமல் அவள் விடுதியிலேயே இருந்துவிடுகிறாள்.

இதையெல்லாம் பெலெட் எப்படி எடுத்தார் என்று நீங்கள் கேட்கவேண்டும். அரசாங்கத்தின் அனுமதி இல்லாமல், மறைவாகத்தான் எடுத்தார். முதலாளியிடம் போய், சீனாவில் சொந்தக் காலில் எழுந்து நிற்கும் புதுத் தலைமுறைத் தொழிலதிபர்களைப் பற்றிப் படமெடுக்கிறேன் என்று சொல்லித்தான் உள்ளே நுழைந்தார். முதலாளி கிராமத்திலிருந்து மேலே வந்தவர், முன்பு காவல்துறையில் அதிகாரியாக இருந்தவர். தன் கதையைச் சொல்ல அவருக்கும் ஆசை. கதவைத் திறந்துவிட்டார்.

இது பொய்யா? பாதிப் பொய். படத்தில் அந்த முதலாளியின் கதையும் இருக்கத்தான் செய்கிறது. அவர் வெளிநாட்டு பையரோடு மேசையில் உட்கார்ந்து பேரம் பேசுகிற காட்சியை இங்கே இருக்கிற தொழில்முனைவோர் யாரும் சிரமமில்லாமல் புரிந்துகொள்வார்கள். வந்தவர்கள் சில சென்ட் குறைக்கச் சொல்கிறார்கள். சரக்கு அனுப்பவேண்டிய நாட்களையும் குறைக்கச் சொல்கிறார்கள். இவர் முகம் மாறுகிறது. ஆர்டரை விட்டால் அடுத்த தெருக்காரன் எடுத்துக்கொள்வான் என்று அவருக்குத் தெரியும். தலையாட்டிவிடுகிறார். அந்தத் தலையாட்டலுக்கான விலையைக் கொடுப்பது யார் என்று அடுத்த காட்சி காட்டுகிறது. அவரைக் கொடியவராகக் காட்டியிருந்தால் படம் பார்க்கிறவருக்கு எளிதாக இருந்திருக்கும். ஒரு கெட்ட மனிதரைத் திட்டிவிட்டு வீட்டுக்குப் போயிருக்கலாம்.

முதலாளியிடம் சொன்ன பாதிப் பொய்யை நான் மன்னிக்கிறேன். என்னை நெருடுவது வேறு. படக்குழு விமானமேறிப் போய்விடும். படத்தில் முகம் காட்டிய பெண் அதே விடுதியில், அதே மேஸ்திரிக்குக் கீழே இருப்பாள். மறைவாகப் படமெடுக்கும் ஒவ்வொருவரும் இந்தக் கணக்கைப் போட்டுப் பார்த்தாக வேண்டும். முகத்தை மறைத்தால் அவளுக்குப் பாதுகாப்பு. ஆனால் மங்கலாக்கிய முகத்தைப் பார்க்கிறவர்கள் அவளை ஒரு வழக்காகப் பார்ப்பார்களே தவிர, ஒரு பிள்ளையாகப் பார்க்கமாட்டார்கள். அறிக்கை எழுதுகிறவருக்கு இந்தச் சங்கடம் இல்லை, பெயரை மாற்றிவிடலாம். படமெடுக்கிறவருக்கு முகம்தான் எல்லாமே. இதற்கு நேரான விடை யாரிடமும் இருப்பதாக நான் நினைக்கவில்லை. ஒன்று மட்டும் சொல்வேன். யாருடைய முகத்தைக் காட்டப்போகிறோமோ அவரிடமே, படம் வந்த மறுநாள் என்ன நடக்கும் என்று உட்கார்ந்து பேசாமல் கேமராவை எடுக்காதீர்கள்.

விதர்பா படத்துக்கு வருவோம். 'பிட்டர் சீட்ஸ்' ஒரே ஒரு பருத்திப் பருவத்தைப் பின்தொடர்கிறது. ஒரு பானைச் சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்பதை இந்த அளவுக்கு நம்பிய இயக்குநர்கள் குறைவு. ஒரு ஊர், ஒரு விவசாயி, ஒரு விதைப்பு, ஒரு அறுவடை. பெண்ணுக்குக் கல்யாணம் செய்யவேண்டிய விவசாயி. பழைய கடன் நிற்பதால் வங்கி கடன் தருவதில்லை. வட்டிக்காரரிடம் நிலத்தை ஈடு காட்டி வாங்குகிறார். மரபணு மாற்றிய பிடி பருத்தி விதை வாங்குகிறார், உரம் வாங்குகிறார், மழைக்குக் காத்திருக்கிறார். அதே ஊரில் 18 வயதுக் கல்லூரி மாணவி ஒருத்தி இருக்கிறாள். அவளுடைய அப்பா தற்கொலை செய்துகொண்டவர். அவள் பத்திரிகையாளராக வேண்டும் என்று நோட்டும் பேனாவுமாக வீடு வீடாகப் போய்க் கேள்வி கேட்கிறாள். முதல் வீட்டில் கேள்வியைக் கேட்டுவிட்டுத் தலையைக் குனிந்துகொள்கிறாள். போகப் போக நிமிர்கிறாள். வெளியூர்க்காரரான இயக்குநர் கேட்க முடியாத கேள்விகளை அந்த ஊர்ப்பெண் கேட்கிறாள். படத்தின் உயிர் அவளிடம் இருக்கிறது.

ஆனால் இந்தப் படத்தோடு எனக்கு ஒரு பிணக்கு உண்டு. அது பழியை விதையின் மேல் அதிகமாகப் போடுகிறது. பிடி பருத்திக்கு இந்தியா அனுமதி கொடுத்தது 2002 மார்ச்சில். விதர்பாவில் கடன் சாவுகள் அதற்கு முன்பே தொடங்கிவிட்டன. பாசனம் இல்லாத மானாவாரி நிலம், எட்டிப் பார்க்காத வங்கி, நிலையில்லாத விலை, வருடா வருடம் காசு கொடுத்தே வாங்கவேண்டிய வீரிய விதை, எல்லாம் சேர்ந்து கழுத்தை நெரிக்கிறது. தேசியக் குற்ற ஆவணக் காப்பகக் கணக்கில் 2009-இல் மட்டும் நாட்டில் 17,368 விவசாயிகள் தற்கொலை செய்துகொண்டார்கள். அந்த எண்ணுக்கு ஒரே ஒரு காரணத்தைச் சொன்னால், எதிர்த்தரப்பு அந்த ஒன்றை மட்டும் மறுத்துவிட்டுத் தப்பித்துக்கொள்கிறது. அப்படித்தான் நடந்தது. பத்து வருடமாக அறிஞர்கள் விதையைப் பற்றியே சண்டை போட்டார்கள். வட்டிக்காரரைப் பற்றி யாரும் சண்டை போடவில்லை. அம்பலப்படுத்துகிற படம் எடுக்கிறவருக்கு இது பெரிய பாடம். எவ்வளவு ஆத்திரம் இருந்தாலும் கையில் இருக்கிற ஆதாரத்துக்கு மேல் ஒரு சொல் போகக்கூடாது.

இப்போது அந்த இடைவெளி. கடை, தையல், விதை என்றேன். இதைக் கேட்டவுடன் உங்களில் சிலருக்கு உறுத்தியிருக்கும். காட்டில் பறித்த பஞ்சு நேராகத் தையல் மிஷினுக்குப் போகாது. ஜின்னிங்கில் கொட்டை நீக்கி, பேல் கட்டி, லாரியில் ஏற்றி, மில்லுக்குப் போய், நூலாகி, துணியாகி, சாயமேறி, அப்புறம்தான் கட்டிங் டேபிளுக்கு வரும். விதைக்கும் தையலுக்கும் நடுவில் இருக்கிற நூற்பாலையை பெலெட் காட்டவேயில்லை. அந்த நூற்பாலை எங்கே இருக்கிறது? இந்தியாவின் நூற்பாலைகளில் பெரும்பங்கு தமிழ்நாட்டில். கோயம்புத்தூர், திண்டுக்கல், ஈரோடு, ராஜபாளையம். விதர்பாவின் பேலும் இந்த வழியாக வருகிறது. உலகமே பார்த்த ஒரு மூன்று பட வரிசையில் விடுபட்டுப் போன காட்சி நம் வீட்டு வாசலில் நடந்துகொண்டிருக்கிறது.

அந்தக் காட்சி எனக்கு எப்படித் தெரியும் என்று சொல்லிவிடுகிறேன். என் சித்தி மகள். ஊர் அருப்புக்கோட்டைக்குக் கிழக்கே. சித்தப்பாவுக்குக் கரிமூட்டத்தில் வேலை. அவள் பத்தாவது முடித்த வருடம், 2009-இல், வீட்டுக்கு ஒரு புரோக்கர் வந்தார். கையில் ஒரு நோட்டீஸ். அதில் தோட்டம், தொலைக்காட்சி, சிரித்த முகத்தோடு சீருடைப் பெண்கள். மூன்று வருடம் மில்லில் வேலை பார்த்தால் முடிவில் மொத்தமாக 40,000 ரூபாய். மாதாமாதம் கைச்செலவுக்குக் கொஞ்சம். தங்க இடம், சாப்பாடு. திட்டத்தின் பெயரைக் கேட்டதும் சித்தி கையெடுத்துக் கும்பிட்டார். சுமங்கலித் திட்டம். யார் வைத்த பெயரோ தெரியாது, அதை வைத்தவருக்குக் கல்யாணச் செலவுக்குப் பயப்படுகிற ஏழைத் தாயின் மனது அணுவணுவாகத் தெரிந்திருக்கிறது. விடுதிக்கார வேலையை மில் பக்கத்தில் கேம்ப் கூலி என்பார்கள். அந்தச் சொல் நேர்மையானது. நோட்டீஸில் அது இருக்காது.

அவளை ரிங் பிரேமில் போட்டார்கள். சைடு பார்க்கிற வேலை. வரிசையாக ஓடுகிற கதிர்களில் எங்கே நூல் அறுகிறதோ அங்கே ஓடிப்போய் ஒட்டவேண்டும். ஒரு முனையிலிருந்து மறுமுனைக்கு நடை, திரும்ப நடை. எட்டு மணி நேரம் இந்த நடைதான். நூல் அறாமல் இருப்பதற்காகக் கூடத்தில் எப்போதும் ஈரக்காற்றை அடித்துக்கொண்டிருப்பார்கள். வெளியே மழை பெய்கிறதா, வெயில் அடிக்கிறதா என்று தெரியாது. பஞ்சுத் தூசி புருவத்தில், இமையில், மூக்கில். காது அடைக்கிற சத்தம். பக்கத்தில் நிற்பவளோடு கையாலும் வாயசைவாலும்தான் பேச்சு. முதல் பொங்கலுக்கு ஊருக்கு வந்தபோது அவள் வீட்டுக்குள் கத்திக் கத்திப் பேசினாள். ஏன் இப்படிக் கத்துகிறாய் என்று சித்தி திட்டினார். தான் கத்துகிறோம் என்பது அவளுக்குத் தெரியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை பத்து நிமிடம் போன் பேசலாம். பக்கத்தில் வார்டன் நிற்பார். "நல்லா இருக்கேன்மா, சாப்பாடு நல்லா இருக்கு" என்பாள். அப்படியே எல்லா வாரமும், வார்த்தை மாறாமல். 28-ஆவது மாதம் ரத்தசோகையில் மயங்கி விழுந்து, சித்தப்பா போய்க் கூட்டிக்கொண்டு வந்தார். மொத்தப் பணத்தைக் கேட்டதற்கு, மூன்று வருடம் முடிக்கவில்லையே என்று சொல்லிவிட்டார்கள். அந்த மில்லின் பெயரை நான் இங்கே சொல்லப்போவதில்லை. அதே காலத்தில் அதே ஒப்பந்தம் பல மில்களில் இருந்தது. 2011 மே மாதம் நெதர்லாந்திலிருந்து இரண்டு அமைப்புகள் இதைப் பற்றி வெளியிட்ட அறிக்கையைப் பின்னால் படித்தபோது, அதில் இருந்த ஒவ்வொரு பத்தியும் எங்கள் வீட்டுத் திண்ணையில் ஏற்கெனவே கேட்டதாக இருந்தது.

அறிக்கைகள் வந்தன. செய்திகள் வந்தன. சில தொலைக்காட்சிகளும் வந்து போயின. ஆனால் ஒரு பெண்ணோடு முதல் நாளிலிருந்து கடைசி நாள் வரை நடந்த முழுநீளப் படம், 'சைனா ப்ளூ' போல ஒன்று, இந்தப் பெண்களைப் பற்றி நான் பார்த்ததில்லை. காரணம் மதில் சுவர் மட்டும்தான் என்று சொல்லமாட்டேன். மில்லுக்குப் போன பெண் என்றால் ஊரில் ஒரு பேச்சு இருக்கிறது. திருமணப் பேச்சு நடக்கும்போது அந்த மூன்று வருடத்தை மறைக்கிற வீடுகள் உண்டு. கேமராவுக்கு முன்னால் உட்காரச் சொன்னால் அவர்கள் எப்படி உட்காருவார்கள்? ஆக, நுழையவேண்டிய வாசல் மில் வாசல் இல்லையென்று எனக்குத் தோன்றுகிறது. வேலை முடித்துத் திரும்பி வந்தவர்களின் வீட்டு வாசல். அங்கே பொய் சொல்லி நுழையவேண்டியதில்லை. நேரம் வேண்டும், அவ்வளவுதான். பெலெட்டுக்கு விதர்பாவில் ஒரு உள்ளூர்ப் பெண் கிடைத்தாள். இங்கே அப்படி நூறு பேர் கல்லூரியில் படித்துக்கொண்டிருக்கிறார்கள். அக்கா மில்லில் வேலை பார்த்த காசில் படிக்கிற தங்கைகள் இந்த அரங்கிலேயே இருக்கிறார்கள்.

படமெடுத்தால் என்ன மாறிவிடும் என்று கேட்பீர்கள். கேட்கவேண்டிய கேள்வி. இதற்கு நல்லதாக ஒரு பதிலைச் சொல்லி உங்களை அனுப்பி வைக்க எனக்கு விருப்பமில்லை. சாக்லேட்டை எடுத்துக்கொள்ளுங்கள். உலகத்தின் கோகோவில் பாதிக்கு மேல் விளைவது மேற்கு ஆப்பிரிக்காவில் ஐவரி கோஸ்ட், கானா என்ற இரண்டு நாடுகளில். 2000-த்தில் பிரிட்டனில் ஒரு ஆவணப்படம், ஐவரி கோஸ்ட் தோட்டங்களில் அடிமைகளாக இருந்த மாலி நாட்டு இளைஞர்களைக் காட்டியது. பரபரப்பு. அடுத்த வருடம் அமெரிக்கப் பிரதிநிதிகள் சபை, அடிமை உழைப்பு இல்லாத சாக்லேட் என்று முத்திரை குத்துவதற்கான திட்டத்தை ஏற்றுக்கொண்டது. கம்பெனிகள் ஓடிவந்தன. சட்டமாக வேண்டாம், நாங்களே விருப்பப்பட்டுச் செய்கிறோம் என்றன. 2001 செப்டம்பரில் ஒப்பந்தம் கையெழுத்தானது. கெடு 2005. அது 2008 ஆனது, பிறகு 2010 ஆனது, பிறகு 2020 ஆனது. 2020-இல் சிகாகோ பல்கலைக்கழக ஆய்வு நிறுவனம் எண்ணிப் பார்த்துச் சொன்னது, அந்த இரண்டு நாட்டிலும் கோகோ வேலையில் 15 லட்சத்து 60 ஆயிரம் குழந்தைத் தொழிலாளர்கள்.

இடையில் 2010-இல் டென்மார்க் பத்திரிகையாளர் மிக்கி மிஸ்த்ராத்தி, அமெரிக்கரான ராபர்ட்டோ ரொமானோவோடு சேர்ந்து 'சாக்லேட்டின் இருண்ட பக்கம்' எடுத்தார். மாலி எல்லையில் குழந்தைகளைக் கடத்துவதை ஒளித்துவைத்த கேமராவில் பிடித்தார். கம்பெனிகள் பேட்டி தரவில்லை, படம் பார்க்கவும் வரவில்லை. சுவிட்சர்லாந்தில் வெவே நகரத்தில், நெஸ்லே தலைமையகத்துக்கு வெளியே பெரிய திரையைக் கட்டிப் படத்தை ஓட்டினார். போலீஸ் வந்தது. தோட்டங்களில் அடிமைப்பட்டிருந்ததாகச் சொன்ன ஆறு பேர் அமெரிக்காவில் கம்பெனிகள் மீது தொடுத்த வழக்கு 2021 ஜூனில் உச்ச நீதிமன்றத்தில் தோற்றது. அந்த வழக்குக்கு அடிப்படையான சட்டப்படி அமெரிக்காவில் வழக்குத் தொடுக்க, தலைமையகத்தில் எடுத்த பொதுவான முடிவுகள் மட்டும் போதாது என்று ஒன்பது நீதிபதிகளில் எட்டுப் பேர் சொல்லிவிட்டார்கள். அடுத்த வருடமே மிஸ்த்ராத்தி அந்த வழக்கை நடத்திய வழக்கறிஞரைப் பின்தொடர்ந்து இன்னொரு படத்தோடு வந்தார். தோற்றது தெரிந்தும் மறுபடி கேமராவை எடுத்த அந்த மனிதரை நான் வணங்குகிறேன்.

பக்கத்திலேயே நடந்த ஒன்றையும் சொல்கிறேன். 2021 ஜனவரியில் திண்டுக்கல் பக்கம் ஆயத்த ஆடை ஆலை ஒன்றில் வேலை பார்த்த தலித் இளம்பெண் கொல்லப்பட்டாள். அவளுடைய சூப்பர்வைசர் கைதானார். தமிழ்நாடு டெக்ஸ்டைல் அண்ட் காமன் லேபர் யூனியன் என்ற சங்கம், பெண்கள் நடத்துகிற சங்கம், அதை ஒரு தனிப்பட்ட கொலையாக மூடிவிட விடவில்லை. மற்ற பெண்களையும் பேசவைத்தார்கள். வெளிநாட்டுப் பத்திரிகைகள் எழுதின. 2022 ஏப்ரலில் அந்தச் சங்கமும், ஆலையின் உரிமையாளரான ஈஸ்ட்மேன் எக்ஸ்போர்ட்ஸும், அதனிடம் ஆடை வாங்கிய எச் அண்ட் எம்மும் கையெழுத்திட்ட திண்டுக்கல் ஒப்பந்தம் வந்தது. பாலியல் தொல்லையைக் கவனித்துப் புகார் சொல்ல ஆலைக்குள்ளேயே தொழிலாளிப் பெண்களுக்குப் பயிற்சி கொடுத்து நிறுத்தவேண்டும் என்பது அதில் ஒரு பகுதி. விருப்பப்பட்டால் செய்கிறேன் என்று நழுவ முடியாதபடி, கட்டுப்படுத்துகிற ஒப்பந்தம். சாக்லேட்டில் இருபது வருடத்தில் நடக்காதது இங்கே பதினைந்து மாதத்தில் நடந்தது. கோகோ தோட்டத்துச் சிறுவனுக்குச் சங்கம் கிடையாது. இந்தப் பெண்களுக்கு இருந்தது. படமும் பத்திரிகையும் ஊருக்குக் கேட்கும்படி சொல்லும். மேசைக்கு எதிரே உட்கார்ந்து கையெழுத்து வாங்க அந்த ஆலையின் பெண்களே வேண்டும். எடுக்கப்போகிற நண்பர்கள் உங்கள் படத்தை முதலில் அவர்களுக்குப் போட்டுக்காட்டுங்கள். விழாக்களுக்கு அப்புறம் அனுப்பலாம்.

நான் அதைத் தாமதமாகத்தான் செய்தேன். போன வருடம் ஊருக்குப் போயிருந்தபோது மில்லுக்குப் போய் வந்த அந்தச் சித்தி மகளுக்கு, என் தங்கச்சிக்கு, லேப்டாப்பில் 'சைனா ப்ளூ' போட்டேன். இப்போது அவளுக்கு ஒரு பெண் குழந்தை. வீட்டிலேயே பிளவுஸ் தைக்கிறாள். அடியில் வருகிற எழுத்தை நான் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தேன். விடுதி அறை வந்ததும், எத்தனை பேர் என்று விரலை நீட்டி எண்ணினாள். கண்ணில் கிளிப் மாட்டுகிற இடத்தில், "நாங்க கண்ணுக்குக் கீழ தைலத்தத் தேச்சுக்குவோம்ண்ணே, எரிச்சல்ல தூக்கம் வராது" என்றாள். அழவில்லை. கடிதம் எழுதும் காட்சியில் பெரிதாக ஒன்றும் சொல்லவில்லை.

படம் முடிந்தது. காப்பி போடப் போனவள் அடுப்படி வாசலிலேயே நின்று கேட்டாள்.

"அண்ணே, அந்தப் புள்ளைக்குப் பிடிச்சு வெச்ச முதல் மாசச் சம்பளம்... அத அப்புறமாச்சும் குடுத்தாங்களா?"

நான் பதில் சொல்வதற்குள் திரும்பி வந்து உட்கார்ந்துவிட்டாள். சம்பளம் கொடுக்கிற காட்சியை மறுபடி வைக்கச் சொன்னாள். வைத்தேன். பெண்கள் ஒவ்வொருவராகப் பணத்தை வாங்கிக்கொண்டு போகிறார்கள். என் தங்கச்சி திரைக்குப் பக்கத்தில் முகத்தைக் கொண்டுபோய், அவர்கள் கையைப் பார்த்துக்கொண்டே இருந்தாள்.